ஹெட்போனுக்குள் ஒரு பெயர்

சனிக்கிழமை பகல் பதினொரு மணி. குசினி மேசையில் மடிக்கணினி. அதன் முன்னால் நான், தேங்காய் துருவிய கையோடு, கதிரையில் இருக்காமல் நிற்கிறேன். திரையில் ஒரு கறுப்புப் பெட்டி. அதன் நடுவில் ஆங்கிலத்தில் ஒரு வரி. இந்த ஒளிபரப்பு உங்கள் பிரதேசத்தில் கிடைக்காது.

பிரதேசமாம். மெல்பேர்ண் கிளென் வேவர்லியில் இருக்கிற என்னுடைய குசினியைத்தான் அப்படிச் சொல்கிறது.

அமெரிக்காவின் நடுவில், சோளக்காட்டுக்குள் இருக்கிற ஒரு சிறிய கல்லூரியில் என் மகள் அபிராமி நான்கு வருடமாகக் கரப்பந்து விளையாடிக்கொண்டிருந்தாள். அன்று அவளுடைய சொந்த அரங்கில் கடைசி ஆட்டம். கட்டாயம் பார்க்கிறேன் என்று சொல்லியிருந்தேன்.

நான்கு வருடத்தில் அவளுடைய ஓர் ஆட்டத்தைக்கூட நான் பார்த்ததில்லை. இதை முதலிலேயே ஒப்புக்கொண்டுவிடுகிறேன். பார்க்க வழியில்லாமல் இல்லை. வழி கண்டுபிடிக்கிற ஆள் எங்கள் வீட்டிலேயே இருந்தார். பார்க்க மாட்டேன் என்று நின்றவள் நான்தான்.

அந்த ஆள், அபியின் அப்பா, அன்று வேலைக்குப் போயிருந்தார்.

வீதியின் இடது பக்கம்

அபி சின்னப் பிள்ளையாக இருந்தபோது இந்த வீட்டை வாங்கினோம். வீதியின் வலது பக்கத்திலும் ஒரு வீடு விலைக்கு வந்தது. நல்ல வீடு, பின்வளவில் காய்த்துக் குலுங்கும் எலுமிச்சை மரம். ஆனால் நான் ஆசைப்பட்ட பாடசாலை பிள்ளைகளை எடுக்கும் எல்லைக்கோடு வீதியின் நடுவால் போனது. இடது பக்கம் உள்ளே, வலது பக்கம் வெளியே.

எலுமிச்சையைக் கும்பிட்டு விட்டுவிட்டு, இடது பக்கத்தில் மழைக்கு ஒழுகும் வீட்டை எடுத்தோம். பிள்ளை டொக்டராக வேண்டும் என்றால் கூரை ஒழுகினால் என்ன, ஒழுகாவிட்டால் என்ன?

அந்தப் பாடசாலைதான் அவள் கையில் பந்தைக் கொடுத்தது. பெரிய உள்ளரங்கு, வலை, பிள்ளையைக் கண்ட நாளிலிருந்தே அவளை விடாத ஒரு விளையாட்டு ஆசிரியை. நான் தேடித் தேடி வாங்கிய எல்லைக்குள்தான் எனக்கு ஆப்பு இருந்திருக்கிறது.

உயரம் இவர் பக்கத்தால் வந்தது. பாய்ச்சல் என் பக்கத்தால் வந்தது என்று இவர் சொல்வார். அபி செய்யாத குழப்படி கிடையாது. ஒவ்வொரு குழப்படிக்கும் பிள்ளையார் படத்துக்கு முன்னால் நிறுத்தி, கையைக் குறுக்கே போட்டுக் காதைப் பிடிக்க வைத்து, இருபது தோப்புக்கரணம் போடச் சொல்வேன். "அந்தக் காலுக்கு வேற எங்கயிருந்து பலம் வந்தது?" என்று கேட்டுச் சிரிப்பார்.

பன்னிரண்டாம் வகுப்பு முடிந்ததும் அந்தச் சோளக்காட்டுக் கல்லூரியிலிருந்து கடிதம் வந்தது. யாரோ ஒரு பயிற்சியாளர் அவள் பந்தடிக்கும் வீடியோவைப் பார்த்திருக்கிறார். படிப்பு, சாப்பாடு, தங்குமிடம் எல்லாம் அவர்கள் பொறுப்பு. பந்து விளையாடினால் போதும்.

எங்கள் வீடுகளில் தொலைக்காட்சிச் செய்தியை நிறுத்தவே முடியாதிருந்த வருடம் அது. ஏன் என்று வாசிக்கிற உங்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை. போருக்குள் ஊரில் ஒருவரும் தொலைபேசியை எடுக்காத அந்த நாட்களில், என் பிள்ளை மருத்துவத்தையும் விட்டுவிட்டுப் பந்து விளையாட விமானம் ஏறுகிறாள் என்பதை என்னால் தாங்க முடியவில்லை. கோபத்தை யார் மேல் காட்டுவதென்று தெரியாமல் அவள் மேல் காட்டினேன்.

விமான நிலையத்தில் வைத்துச் சொன்னேன். "ஒரு நாளைக்குக் காதைப் பிடிச்சுக்கொண்டு என்ர முன்னால வந்து நிப்பாய். அப்ப விளங்கும்."

அவள் குனிந்து தன் சப்பாத்தைப் பார்த்துக்கொண்டு நின்றாள். புதுச் சப்பாத்து. எனக்குத் தெரியாமல் இவர் வாங்கிக் கொடுத்தது.

பச்சைக் கொப்பி

இவருக்கு ரயில் பெட்டிகளைப் பழுது பார்க்கும் பட்டறையில் வேலை. ஒரு பெட்டியின் கதவு திறக்கவில்லை என்றால், அதற்கு என்னென்ன காரணம் இருக்கலாம் என்று முதலில் எழுதுவாராம். பிறகு ஒவ்வொன்றாகப் பார்த்து வெட்டிக்கொண்டு போவாராம். கடைசியில் வெட்டாமல் எது நிற்கிறதோ அதுதான் பழுது. பதறவும் மாட்டார், சத்தம் போடவும் மாட்டார். கல்யாணம் கட்டின புதிதில் இந்த நிதானம் எனக்கு எரிச்சலைத் தந்ததுண்டு. இப்போது அதைப் போல ஒன்று எனக்கு வாய்த்திருந்தால் எவ்வளவு நன்றாக இருந்திருக்கும் என்று நினைக்கிறேன்.

மகள் போன அடுத்த கிழமை ஒரு பச்சைக் கொப்பி வாங்கி வந்தார். மட்டையில் 'அபி - எங்கே பார்க்கலாம்' என்று எழுதினார். கட்டணத் தொலைக்காட்சி, கல்லூரியின் இணையப் பக்கம், அந்த வட்டாரக் கல்லூரிகள் சேர்ந்து நடத்தும் வீடியோத் தளம் என்று வரிசை வரிசையாக எழுதி, ஒவ்வொன்றாக முயன்று பார்த்து வெட்டத் தொடங்கினார்.

முதலில் வெட்டுப்பட்டது கட்டணத் தொலைக்காட்சி. கிரெய்கிபர்னில் இருக்கிற தவம் அண்ணை இவரோடு ஒன்றாக வேலை செய்தவர். அவர் வீட்டில் அமெரிக்க விளையாட்டுச் சனல் வரும். நிகழ்ச்சி நிரலில் 'கல்லூரி விளையாட்டு' என்று போட்டிருக்கிறது என்று அவர் சொன்னதும் இவருக்குத் தலைகால் புரியவில்லை. ஒரு ஞாயிறு முழுக் குடும்பத்தோடும் வரச் சொன்னார்கள். ஒரு மணித்தியாலம் கார் ஓடிப் போனோம். நான் சாப்பாட்டுக்காகத்தான் போனேன். அதைக் காரிலேயே சொல்லிவிட்டேன்.

தவம் அண்ணை நாலு வீட்டுச் சனத்தைக் கூப்பிட்டு வைத்திருந்தார். ரோல்ஸ், வடை, கோழிப் புக்கை. எல்லோரும் பாயிலும் கதிரையிலும் நிறைந்திருக்க, திரையில் தலைக்கவசம் போட்ட பெரிய பெரிய பெடியங்கள் ஒருவர் மேல் ஒருவர் விழுந்து எழும்பினார்கள். அது அமெரிக்காவின் உதைபந்து. கால் படாத உதைபந்து.

"பொறுங்கோ, இது முடிய பொம்பிளைப் பிள்ளையளின்ர வரும்" என்றார் தவம் அண்ணை. மூன்று மணித்தியாலம் பொறுத்தோம். அது முடிய இன்னொரு உதைபந்து வந்தது. "அபி எந்தப் பக்கம்?" என்று ஒரு அன்ரி என்னிடம் கேட்டா. "வடை நல்லாயிருக்கு" என்று சொல்லிச் சமாளித்தேன்.

வீட்டுக்கு வந்ததும் இவர் கொப்பியை எடுத்து அந்த வரியை வெட்டினார். முகத்தில் ஒரு வாட்டமும் இல்லை. ஒரு காரணம் குறைந்துவிட்டதாம்.

பிறகு வீடியோத் தளம். அந்தக் காலத்தில் எங்கள் இணையத்துக்கு மாத அளவு உண்டு. அளவு முடிந்தால் மாட்டுவண்டி. மாதக் கடைசியில் ஆட்டம் வந்தால், "இந்தக் கிழமை மட்டும் நாடகம் பாக்காமல் இருப்பீரோ?" என்று என்னிடம் தயங்கித் தயங்கிக் கேட்பார். நான் வேண்டுமென்றே இரண்டு நாடகம் கூடப் பார்த்திருக்கிறேன். இதையெல்லாம் எழுதத்தான் வேண்டும்.

மற்றவர்கள் என்றால் சண்டைக்கு வந்திருப்பார்கள். இவர் இன்னும் தேடினார். கல்லூரிப் பக்கத்தின் அடியில், கண்ணுக்குத் தெரியாத சின்ன எழுத்தில், மாணவர் வானொலி என்று ஒன்றைப் பிடித்தார். அங்கே படிக்கிற இரண்டு பிள்ளைகள் மேசை போட்டிருந்து ஆட்டத்தை நேரடியாக வர்ணிப்பார்கள். படம் இல்லை, சத்தம் மட்டும். மாத அளவில் கடுகளவுதான் செலவாகும்.

"எனக்கு அந்தச் சத்தம் வீட்டுக்குள்ள கேக்கக் கூடாது" என்றேன். மறுநாள் ஒரு ஹெட்போன் வாங்கி வந்தார்.

அப்படியே நான்கு வருடம். ஓகஸ்டில் தொடங்கி நவம்பர் வரை, கூடத்து மூலையில் ஹெட்போனை மாட்டிக்கொண்டு கண்ணை மூடி இருப்பார். சிலநேரம் அவர் முகம் ஒரு மாதிரிப் போகும். படம் எடுக்கும்போது சிரிக்கச் சொன்னால் வெட்கப்படுவாரே, அந்த மாதிரி. மகள் பந்தடிக்கிறதுக்கு அப்பாவுக்கு என்ன வெட்கம் என்று நினைத்ததுண்டு. கேட்கவில்லை.

பிடிபட்ட பொய்

அபி ஞாயிறு தோறும் தொலைபேசி எடுப்பாள். "பாத்தனீங்களோ அம்மா?" என்பாள். "ஓம், பாத்தனான். நல்லா விளையாடினாய்" என்பேன். ஆட்டம் முடிந்ததும் இவர் கொப்பியில் எத்தனை செற், யார் வென்றது என்று எழுதி வைப்பார். அதைப் பார்த்துவிட்டு, "மூண்டாவது செற்றில கொஞ்சம் சறுக்கிப் போட்டியள் என்ன?" என்று சேர்த்தும் விடுவேன். கைதேர்ந்த பொய்.

மூன்றாம் வருடம் ஒரு நாள் வழக்கம்போல, "நேத்து உன்ர அடிதான் அடி" என்றேன்.

"அம்மா, நேற்று நான் விளையாடவே இல்லை. கணுக்கால் சுளுக்கி பெஞ்சில இருந்தனான்."

நான் கவலைப்படுவேன் என்று அந்தச் சுளுக்கை இவர் கொப்பியில் எழுதாமல் விட்டிருக்கிறார். என் பொய்யைக் காட்டிக்கொடுத்தது இவருடைய அன்பு.

"இட்ஸ் ஓகே, அம்மா" என்றாள். திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன்.

அதற்குப் பிறகு அவள் பாத்தனீங்களோ என்று கேட்கவில்லை. நானும் பொய் சொல்லவில்லை. காலநிலை, சாப்பாடு, பரீட்சை என்று கதைத்துவிட்டு வைத்துவிடுவோம். ஒரு வருடம் அப்படிப் போனது.

நான்காம் வருடம் ஒக்டோபரில் அவளாகவே தொடங்கினாள். கடைசி வருடப் பிள்ளைகளுக்குச் சொந்த அரங்கில் நடக்கும் கடைசி ஆட்டத்தில் ஒரு வழக்கம் இருக்கிறதாம். ஆட்டத்துக்கு முன்னால் ஒவ்வொரு பிள்ளையும் தாய் தகப்பனோடு அரங்கின் நடுவுக்கு நடந்து போகும். தாய்க்குப் பூ கொடுக்கும். எல்லோரும் எழும்பிக் கைதட்டுவார்கள்.

எங்களால் போக முடியவில்லை. எனக்கு முதியோர் இல்லத்து வேலையில் லீவு மிச்சமில்லை. அந்த மார்ச்சில்தான் இவருக்கு இதயத்தில் சின்னச் சத்திரசிகிச்சை நடந்திருந்தது. நீண்ட விமானப் பயணம் வேண்டாம் என்று டொக்டர் சொல்லிவிட்டார்.

"கோச் என்னோட நடப்பா. அது பரவாயில்லை" என்றாள் அபி. "ஆனா அம்மா, நீங்கள் இந்த ஒண்டையாவது பாருங்கோ. உண்மையாப் பாருங்கோ. பிளீஸ்."

"ஓம்" என்றேன். அந்த 'ஓம்' உண்மை.

எழுத்தெழுத்தாக

நான் எழுதிவரும் இந்தத் தொடரை வாசிக்கிற ஒருவர், 'உங்கள் கணவருக்குப் பெயர் இல்லையா?' என்று கேட்டு எழுதியிருந்தார். இருக்கிறது. நான் சொன்னதில்லை.

என் அம்மாவும் அப்பாவின் பெயரைச் சொன்னதில்லை. சொன்னால் ஆயுள் குறையும் என்பார்கள். எனக்கு அதில் நம்பிக்கை இல்லை. ஆனாலும் வாய் வராது. வீட்டில் "இஞ்சாருங்கோ." வெளியில் "அபியின்ர அப்பா." வெள்ளைக்காரரிடம் "மை ஹஸ்பண்ட்." முடிந்தது.

இந்த நாட்டில் அதிலும் ஒரு சிக்கல். எங்களுக்குக் குடும்பப் பெயர் என்று ஒன்று கிடையாது. பிள்ளையின் பெயருக்குப் பின்னால் தகப்பன் பெயர், மனைவியின் பெயருக்குப் பின்னால் கணவன் பெயர். அதனால் எங்கே போனாலும் என்னிடம் இவருடைய பெயரைத்தான் கேட்பார்கள். நான் எழுத்தெழுத்தாகச் சொல்லிவிடுவேன். கூட்டி வாசிப்பது அவர்கள் பாடு. ஆங்கிலத்தில் பத்து எழுத்து. முப்பது வருடத்துக்குக் கிட்ட இப்படி ஓட்டியிருக்கிறேன்.

கடைசிப் பக்கம்

நவம்பரில் வந்த அந்தச் சனிக்கிழமை இவருக்கு வேலை. "நீர் பாரும். எல்லாம் கொப்பியில கிடக்கு" என்று சொல்லிவிட்டுச் சாப்பாட்டுப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு போய்விட்டார்.

கொப்பியைத் திறந்தேன். நேர வித்தியாசம் பதினாறு மணித்தியாலம் என்று ஒக்டோபர்ப் பக்கத்தில் இருந்தது. அங்கே வெள்ளி இரவு ஏழு என்றால் இங்கே சனி பகல் பதினொன்று. கணக்குச் சரி. வீடியோவைத் திறந்தேன். கறுப்புப் பெட்டி. முக்கியமான ஆட்டம் என்று அங்கே ஒரு தொலைக்காட்சி வாங்கிவிட்டதாம். அதனால் வெளிநாட்டுக்கு இல்லையாம்.

வானொலியைத் திறந்தேன். சத்தமே இல்லை. சத்தத்தைக் கூட்டினேன், குறைத்தேன், மடிக்கணினியை நிறுத்திப் போட்டேன். பிள்ளையாரைப் பார்த்தேன். பதினொன்றே கால். பதினொன்றரை. அவள் நடந்து முடித்திருப்பாள். கோச்சோடு நடந்திருப்பாள். அம்மா பார்க்கிறா என்று நினைத்துக்கொண்டு நடந்திருப்பாள்.

கதிரையில் விழுந்து அழுதேன். நான்கு வருடம் வழி திறந்திருந்தபோது எட்டிப் பார்க்காதவளுக்கு இன்று கதவு மூடித்தான் கிடக்கும்.

கை சும்மா இருக்க முடியாமல் கொப்பியைப் புரட்டியது. கடைசிப் பக்கத்தில் சிவப்பு மையில் எழுதியிருந்தது.

'அபியின் அம்மாவுக்கு. ஓகஸ்டில் 15. இங்கே மணி மாற 16. நவம்பரில் அங்கே மணி மாற 17. பகல் பன்னிரண்டுக்குத்தான் தொடங்கும். வீடியோ வராவிட்டால் பதறாதையும். றேடியோவைப் பிடியும். ஹெட்போன் மேசை லாச்சிக்குள் இருக்கிறது.'

இரண்டு நாட்டிலும் காலத்துக்குக் காலம் மணிக்கூட்டை ஒரு மணித்தியாலம் மாற்றுவார்கள்; நான் பார்த்தது அதற்கு முந்தின கணக்கு. எனக்கு எழுதிய பக்கம். அன்று இவர் லீவு எடுத்திருக்கலாம். வேண்டுமென்றுதான் எடுக்கவில்லை என்று அப்போது விளங்கியது. தான் வீட்டில் இருந்தால் நான் குசினிக்குள் ஒளிந்துகொள்வேன் என்று இந்த மனுசனுக்குத் தெரிந்திருக்கிறது.

மணி பன்னிரண்டாகப் பதினைந்து நிமிடம் இருந்தது. லாச்சியைத் திறக்கவில்லை. சத்தத்தை முழுதாகக் கூட்டி வைத்தேன்.

திடீரென்று வீடு நிறையச் சனத்தின் இரைச்சல். மேளம். ஒரு பெடியனும் ஒரு பெட்டையும் மாறி மாறிக் கதைத்தார்கள். தாய் தகப்பனோடு நடக்கும் பிள்ளைகளை ஒவ்வொருவராகச் சொன்னார்கள். பிறகு அந்தப் பெடியன் மூச்சை இழுத்துவிட்டு, ஒரு எழுத்தையும் விழுங்காமல் சொன்னான்.

"மெல்பேர்ண், ஆஸ்திரேலியாவில் இருந்து, அபிராமி குலசிங்கம்!"

குலசிங்கம். என் குசினியில் அந்தப் பெயர் அவ்வளவு சத்தமாக ஒலித்தது அதுதான் முதல் தடவை.

கோச்சோடு நடக்கிறாள் என்றான். சனம் எழும்பி நிற்கிறது என்றான். "இப்போது எங்கள் மேசையைப் பார்த்து நிற்கிறாள். கையைக் குறுக்கே போட்டு இரண்டு காதையும் பிடிக்கிறாள். குந்துகிறாள், எழும்புகிறாள். ஒன்று, இரண்டு, மூன்று. இது ஏதோ ஆஸ்திரேலியப் பழக்கமாக இருக்க வேண்டும்." அந்தப் பெட்டை சிரித்தாள். சனமும் சிரித்தது.

சிரிக்காமல் நின்றவள் உலகத்தில் நான் ஒருத்திதான். அப்பா அந்த மேசையைத்தான் கேட்பார் என்று அவளுக்குத் தெரியும். இன்றைக்கு அம்மாவும் கேட்கக்கூடும் என்று நினைத்திருக்கிறாள். எனக்குப் பூ கொடுக்க முடியாத பிள்ளை தோப்புக்கரணம் போட்டாள். விமான நிலையத்தில் நான் சொன்னதை அவள் மறக்கவில்லை. ஆனால் காதைப் பிடிக்க வேண்டியவள் அவளில்லை.

ஆட்டம் தொடங்கியது. பந்து எங்கே போகிறது, எதற்குப் புள்ளி கொடுக்கிறார்கள் ஒன்றும் எனக்கு விளங்கவில்லை. ஒரு பெயர் மட்டும் விளங்கியது. குலசிங்கம் பாய்கிறாள். குலசிங்கம் அடிக்கிறாள். குலசிங்கம், குலசிங்கம். சனமும் மேளத்துக்கு ஏற்றபடி அதையே கத்தியது.

அந்த மூலையில் கண்ணை மூடிக்கொண்டு இவர் கேட்டது இதைத்தான்.

இவருடைய தாய் தகப்பன் போய்விட்டார்கள். கூடப் பிறந்தவர்களும் இல்லை. பட்டறையில் பாதியாக வெட்டிக் 'குல்' என்பார்கள். மகளுக்கு அப்பா. எனக்கு இஞ்சாருங்கோ. முழுப் பெயரையும் சந்தோசமாகச் சொல்லிக் கூப்பிட இந்த மனுசனுக்கு உலகத்தில் ஒருவர் மிச்சமில்லை, சோளக்காட்டுக்குள் இருந்த அந்தப் பெடியனைத் தவிர. அதையும் என் சொல்லுக்காக ஹெட்போனுக்குள் ஒளித்து வைத்துக் கேட்டிருக்கிறார். ஒரு நாளும் என்னிடம் முறையிட்டதில்லை. இப்படி ஒரு ஆளோடு இத்தனை வருடம் வாழ்ந்திருக்கிறேன்.

ஐந்தாம் செற்றில் நான் மேசையில் அடித்துக்கொண்டு நின்றேன். "அடி குலசிங்கம்! விடாதை, அடி!" புருசன் பெயரைச் சொல்லி அடி, அடி என்று கத்திய பெண் எங்கள் பரம்பரையில் நான் ஒருத்தியாகத்தான் இருப்பேன்.

இரண்டு புள்ளியில் தோற்றார்கள்.

அபி எடுக்க இன்னும் நேரம் இருந்தது. என்ன சொல்வதென்று யோசிக்கத் தேவையில்லை. நான் பார்க்கவில்லை, கேட்டேன், எல்லாவற்றையும் கேட்டேன். அதற்கு முதல் பட்டறைக்கு எடுத்தேன். வேலை நேரத்தில் கைத்தொலைபேசி வைத்திருக்க விடமாட்டார்கள். யாரோ ஒருவர் எடுத்து, யார் வேண்டும் என்று கேட்டார்.

எழுத்துக் கூட்டவில்லை. முழுதாகச் சொன்னேன்.

அவர் ரிசீவரைக் கீழே வைத்துவிட்டு அந்தப் பெயரை உரக்கக் கூப்பிட்டார். தகரக் கூரைக்குக் கீழே இன்னொருவர் அதை வாங்கி இன்னும் தூரத்துக்குக் கத்தினார். பிறகு ஓடி வரும் சப்பாத்துச் சத்தம்.

"என்னப்பா? ஏதும் நடந்ததோ?"

"தோத்துப் போச்சினம். அஞ்சாம் செற்றில."

"வீடியோ வந்ததோ?"

"இல்லை. றேடியோ."

அந்தப் பக்கம் சம்மட்டிச் சத்தம் கேட்டது. பக்கத்தில் நிற்கிறவர்களுக்குக் கேட்காத குரலில் கேட்டார்.

"பேரைச் சொன்னவனோ?"

"ஓம், சொன்னவன்" என்றேன். "நானும் சொன்னனான்."